தொடக்க நிலைக்குத் திரும்புக

பத்து நிமிட வேலை என்று மெக்கானிக் வாயைத் திறந்து சொன்னதுதான் தப்பாகப் போயிற்று. பேசாமல் பையிலிருந்து ஸ்பேனரை எடுத்து வேலையை முடித்துக்கொண்டு, சீட்டில் கையெழுத்து வாங்கி, வந்த வழியே போயிருந்தால் இந்தக் கதைக்கே இடமில்லை. ஆனால் இருபத்தாறு வருடமாக லிஃப்ட் பழுதுபார்க்கிற மனிதர் அவர். கோளாறு என்னவென்று கட்டடத்துக்காரரிடம் ஒரு வார்த்தை சொல்லிவிட்டுத்தான் கை வைப்பார். அன்றைக்கும் அப்படித்தான் சொல்லப்போனார்.

கோளாறு ஒன்றும் பெரிதில்லை. மூன்றாவது மாடிக் கதவின் பூட்டுக்கு மேலே கட்டைவிரல் அகலத்தில் ஒரு செம்புத் தகடு உண்டு. கதவு மூடியதும் அது இன்னொரு தகட்டைத் தொட வேண்டும். தொட்டால் கதவு மூடியிருக்கிறது என்று லிஃப்டுக்குத் தெரியும். இந்தத் தகடு யார் இடித்தோ வளைந்திருந்தது. லிஃப்ட் மேலே போகும்போது அதிர்வில் தகடு விலகும். கதவு திறந்துவிட்டது என்று லிஃப்ட் பயந்துகொண்டு இரண்டாவது மாடிக்கும் மூன்றாவது மாடிக்கும் நடுவில் நின்றுவிடும். தகட்டை நிமிர்த்தினால் தீர்ந்தது.

நிறுவனத்தின் இயக்குநர் அதைக் கேட்டதும் நாற்காலியிலிருந்து எழுந்தேவிட்டார். கதவுக்கும் மெக்கானிக்குக்கும் நடுவில் வந்து நின்றுகொண்டார்.

"தொட்டுடாதீங்க. அது எங்க ஆராய்ச்சியோட அஸ்திவாரம்" என்றார்.

நாலு மாடிக் கட்டடம் முழுவதும் ஆராய்ச்சி நிறுவனம். இயந்திரங்கள் தாமாகவே கற்றுக்கொள்வது எப்படி என்பதுதான் ஆராய்ச்சி. அந்த லிஃப்டை ஓட்டுவது ஒரு கணினி நிரல். அதற்கு யாரும் எதுவும் சொல்லித்தர மாட்டார்களாம். நல்லது செய்தால் மார்க் போடுவார்கள், கெட்டது செய்தால் மார்க்கைக் கழிப்பார்கள். மார்க்குக்கு ஆசைப்பட்டு அதுவே நல்ல வழிக்கு வந்துவிட வேண்டும். எது நல்லது என்று முடிவு செய்வது யார் என்று மெக்கானிக் வெகுளியாகக் கேட்டார்.

"அதுக்கு ஒரு குழு போட்டிருக்கோம். நாலு வருஷமா கூடிப் பேசிட்டிருக்காங்க. அதுவரைக்கும் தோராயமா மார்க் போடுறோம்" என்றார் இயக்குநர்.

கணினிக்குள்ளேயும் இதே மாதிரி ஒரு பொய் லிஃப்ட் இருந்தது. அதில் நிரல் நாற்பதாயிரம் முறை ஏறி இறங்கிப் பழகியிருந்தது. அந்தப் பொய் லிஃப்டிலும் தகட்டை அச்சு அசலாக வளைத்தே வைத்திருந்தார்கள். நிஜத் தகடு நிமிர்ந்துவிட்டால் நாற்பதாயிரமும் குப்பை. தகடு வளைந்தபடியே இருக்க, நிரல் எப்படியாவது சாமர்த்தியம் பழகி ஓர் ஆளை நாலாவது மாடிக்குக் கொண்டுபோய்ச் சேர்க்க வேண்டும். சேர்த்த மறுநிமிடம் தகட்டில் கை வைக்கலாம் என்று இயக்குநர் பெரிய மனதோடு அனுமதி தந்தார். தகடு சரியில்லாமல் லிஃப்ட் மேலே போகாது, அது எத்தனை புத்திசாலியாக இருந்தாலும் போகாது என்று மெக்கானிக் மூன்று விதமாகச் சொல்லிப் பார்த்தார். நீங்கள் பழைய முறையில் யோசிக்கிறீர்கள் என்று பதில் வந்தது.

சரி, வம்பு வேண்டாம், போய்விடலாம் என்று கீழ்த்தளத்தில் நிர்வாக அதிகாரியிடம் போனார். மெக்கானிக்கைக் கூப்பிட்டனுப்பியது நிர்வாகம்தான். ஆராய்ச்சிப் பிரிவு என்ன நினைக்கிறது என்பது நிர்வாகத்துக்குத் தேவையில்லாத விஷயம். லிஃப்ட் நாலாவது மாடிக்குப் போனால்தான் 'வேலை முடிந்தது' என்று கையெழுத்துப் போடுவேன் என்றார் அதிகாரி. பாதியில் போனால் 'கைவிட்டுச் சென்றார்' என்று எழுதுவேன் என்றும் சொன்னார். கைவிட்டுச் சென்றார் என்று ஒரு சீட்டு போதும், லிஃப்டில் கை வைக்கிற லைசென்ஸ் போய்விடும். ஐம்பதை நெருங்குகிற வயதில் லைசென்ஸ் இல்லாத லிஃப்ட் மெக்கானிக்கை யார் சீந்துவார்கள்? அவர் சீட்டை மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு, சோதனையை எப்போது ஆரம்பிக்கலாம் என்று கேட்டார்.

ஏற்கெனவே ஆரம்பித்துவிட்டது என்று தெரிந்தது. அன்று முதல் தேதி; காலையில் அவர் வாசலில் நுழைந்ததைக் கேமரா படம் பிடித்திருந்தது. கணினிக்குள் எத்தனை ஆயிரம் முறை பழகினாலும் நிஜ லிஃப்டில் ஒரு நாளைக்கு ஒரே ஒரு முயற்சிதான். ஒவ்வொரு முயற்சியும் அணுப் பிசகாமல் ஒரே மாதிரி தொடங்கினால்தான் நேற்றைவிட இன்றைக்கு நிரல் தேறியிருக்கிறதா என்று ஒப்பிட முடியும். அதற்குத் தொடக்க நிலை என்று பெயர். நாலாவது மாடிக்குப் போக ஓர் ஆள் தேவைப்பட்ட நேரத்தில் வாசலில் நுழைந்தவர் இவர் என்பதால், தொடக்க நிலை இவராகிவிட்டார்.

ஆராய்ச்சியாளர் ஓர் இளம்பெண். மார்க் போடுவது அவர் வேலை. படத்தைப் பார்த்து முப்பத்தொரு குறிப்புகள் அடங்கிய தாளை அவர் தயாரித்துக் கொடுத்தார். காலை பத்து மணி பத்து நிமிடம். வாசலிலிருந்து நாலாவது தரை ஓட்டின்மேல் நிற்க வேண்டும். நீலச் சட்டை, மூன்று நாள் தாடி, பை இடது தோளில். அன்று மழை பெய்திருந்ததால் ஷூ நனைந்திருந்தது. ஆகவே தினமும் காவலாளி ஒரு குவளை தண்ணீரை ஷூவில் ஊற்றுவார். அந்த நேரத்தில் காவலாளி கொட்டாவி விட்டிருந்தார். ஆகவே அவரும் தினமும் கொட்டாவி விட வேண்டும். மெக்கானிக் அவரைப் பார்த்து, "இங்க லிஃப்ட் ரிப்பேர்னு சொன்னாங்களே?" என்று கேட்க வேண்டும். பிறகு லிஃப்டுக்குள் போக வேண்டும்.

பதினேழாவது குறிப்புதான் வினையாக வந்தது. நாலாவது ஓட்டில் நிற்கும்போது அவருக்கு ஒரு போன் வந்திருந்தது. மகள் பேசினாள். ஒரு பகல் முழுக்க பஸ்ஸில் போனால் வருகிற ஊரில், நர்ஸ் பயிற்சியில் இருந்தாள். விடுதியில் போன்களை வாங்கிப் பூட்டிவைத்துவிட்டுப் பத்து பத்திலிருந்து பத்து இருபது வரை மட்டும் கொடுப்பார்கள். "அப்பா, ஒரு விஷயம் கேக்கணும். ரெண்டு நிமிஷம் பேசலாமா?" என்று கேட்டாள். "வேலையா இருக்கேம்மா, அப்புறம் பேசறேன்" என்று சொல்லி அவர் வைத்துவிட்டார். பதினெட்டாவது குறிப்பு: குரலில் லேசான எரிச்சல்.

ஆகவே மகளுக்கும் ஒரு தாள் போயிற்று. அப்பாவின் வேலை இதில் மாட்டிக்கொண்டிருக்கிறது என்று அம்மா சொன்னதும் அவள் மறுபேச்சுப் பேசவில்லை. தினமும் பத்து பத்துக்குக் கூப்பிட்டு அதே கேள்வியைக் கேட்டாள். முதல் இரண்டு நாள் அவள் சிரிப்பை அடக்கிக்கொண்டு கேட்டது இவருக்குத் தெரிந்தது. இவரும் எரிச்சலை வரவழைத்துக்கொண்டு பதில் சொன்னார். சொன்ன கையோடு லிஃப்டுக்குள் போக வேண்டும். லிஃப்டுக்குள் போன் எடுக்காது. லிஃப்ட் அவரை வெளியே விடும்போது எப்படியும் மணி பதினொன்றைத் தாண்டியிருக்கும்.

மூன்றாம் தேதி சாயங்காலம் மனைவி அவருடைய நீலச் சட்டையை அலசிக்கொண்டே விஷயத்தைச் சொன்னாள். பயிற்சி முடிந்தவர்களைக் கடல் தாண்டி ஒரு ஆஸ்பத்திரிக்கு மூன்று வருடத்துக்கு அனுப்புகிறார்களாம். விருப்பமிருப்பவர்கள் இருபத்தைந்தாம் தேதிக்குள் கையெழுத்துப் போட வேண்டுமாம்.

"போகட்டுமா வேண்டாமான்னு உங்க வாயால கேக்கணுமாம். என்கிட்ட சொல்லி அனுப்பினா ஒத்துக்க மாட்டாளாம்" என்றாள் மனைவி.

"அவ ஆசைப்பட்டுக் கேக்கறாளா, பயந்துபோய்க் கேக்கறாளா?"

"எனக்கென்ன தெரியும்? அதெல்லாம் உங்ககிட்டதானே காட்டுவா."

அது உண்மைதான். மகளின் குரலை ஒரு நிமிடம் கேட்டால் போதும், அவருக்குத் தெரிந்துவிடும். சின்ன வயதில் பள்ளிக்கூடம் போக மாட்டேன் என்று அழும்போதே எது நிஜ வயிற்றுவலி எது பொய் வலி என்று சரியாகச் சொல்லுவார். அந்த ஒரு நிமிடத்துக்காக அவர் மறுநாள் இயக்குநரிடம் போய்க் கையைப் பிசைந்துகொண்டு நின்றார். ஒரே ஒரு நாள், பதினேழாவது குறிப்பை மட்டும் மாற்றிக்கொள்ளலாமா?

மாற்றினால் இதுவரை நடந்த முயற்சிகள் கணக்கில் வராது, திரும்ப முதலிலிருந்து ஆரம்பிக்க வேண்டும் என்றார் இயக்குநர். ஆனாலும் அவர் கல்நெஞ்சக்காரர் இல்லை. விஷயத்தை முறைப்படி எடைபோட்டுப் பார்க்கும்படி ஆராய்ச்சியாளரிடம் சொன்னார். அவர் பென்சிலை எடுத்தார். வருங்காலத்தில் கிடைக்கிற எந்த நன்மைக்கும், தள்ளிப்போகிற ஒவ்வொரு நாளுக்கும் பத்தில் ஒரு பங்கைக் கழித்துக்கொண்டே வந்து மதிப்புப் போடுவது அவர்கள் வழக்கம்.

"நேத்து விஷயம் தெரிஞ்சுது. கடைசி நாளுக்கு நேத்துலேர்ந்து இருபத்திரண்டு நாள். அன்னிக்கு உங்க பொண்ணோட பேசப்போறதுக்கு இப்ப மதிப்பு நூத்துக்குப் பத்துகூட வரல, சார்" என்றார் வருத்தத்தோடு. நிஜமாகவே வருத்தப்பட்டார். தாளை மெக்கானிக்கிடம் காட்டி, தான் எங்கும் தப்பாகக் கழிக்கவில்லை என்பதையும் தெளிவுபடுத்தினார்.

நிரல் கற்றுக்கொள்ளாமல் இல்லை. நடுவழியில் நின்றால் மார்க் கழிப்பார்கள் என்று தெரிந்துகொண்டு, ஆறாம் தேதியிலிருந்து கிளம்புவதையே விட்டுவிட்டது. மெக்கானிக்கை உள்ளே ஏற்றிக்கொள்ளும், கதவை மூடும், தரைத்தளத்திலேயே கல்லுப்பிள்ளையார் மாதிரி உட்கார்ந்துவிடும். ஒரு மார்க்கும் கழியவில்லை. இது பெரிய முன்னேற்றம் என்று அறிக்கை போயிற்று. பிழையே செய்யாத நிலையை அடைவதற்கு மனிதர்களுக்கு முப்பது வருட உத்தியோகம் தேவைப்படுகிறது, நமது நிரல் ஆறே நாளில் அடைந்துவிட்டது என்று இயக்குநர் அதில் எழுதியிருந்தார். அவர் யாரையும் குத்திக்காட்டவில்லை. தன்னையே உதாரணமாகக் காட்டியிருந்தார்.

பத்தாம் தேதி புதுச் சுற்றறிக்கை வந்தது. தெரிந்ததையே செய்துகொண்டிருந்தால் நிரல் புதிதாக எதையும் கண்டுபிடிக்காது. ஆகவே பத்துக்கு ஒரு தடவை எந்தக் காரணமும் இல்லாமல் எதையாவது செய்து பார்க்கும். இது நிரலுக்கு நல்ல பலன் தந்ததால் ஊழியர்களும் பின்பற்ற வேண்டும் என்று உத்தரவு. அன்றிலிருந்து பத்துக்கு ஒரு தடவை காவலாளி கதவுக்குப் பதிலாக ஜன்னலைத் திறந்தார். கணக்குப் பிரிவுக்காரர் மேஜை விளக்குக்கு வணக்கம் சொன்னார். மீதி ஒன்பது தடவை என்ன காரணத்தோடு செய்கிறார்கள் என்று மெக்கானிக்குக் கடைசிவரை விளங்கவில்லை.

ஆனால் அவருக்கு ஒரு யோசனை தட்டியது. காரணமில்லாமல் செய்கிற அந்த ஒரு தடவையில் என் சீட்டில் கையெழுத்துப் போடக்கூடாதா என்று நிர்வாக அதிகாரியிடம் போய் நின்றார். எந்தத் தடவை என்று முடிவு செய்ய ஆளுக்கொன்றாகக் கொடுத்திருந்த பத்துமுகப் பகடையை அதிகாரி உருட்டினார். உருட்டி உருட்டி, எட்டாவது தடவை வேண்டிய எண் விழுந்தது. பேனாவைத் திறந்தார், சீட்டை இழுத்தார், குனிந்தார். பிறகு நிமிர்ந்து, நீங்கள் கேட்டு நான் போட்டால் அதற்குக் காரணம் இருக்கிறது என்று ஆகிவிடுமே என்று சொல்லி, பேனாவை மூடிவிட்டு எழுந்துபோய் அலமாரியைத் தட்டிவிட்டு வந்து உட்கார்ந்தார். விதியை மீறாத மனிதர்.

இதற்கிடையில் மகளின் குரலில் சிரிப்பு நின்றுவிட்டது. ஒருநாள் கேள்வியைக் கேட்டபிறகு, தாளில் இல்லாத ஒரு மூச்சு வாங்கினாள். இவர் சொல்ல வாயெடுத்தார். கேமராவுக்குக் கீழே சிவப்பு விளக்கு எரிந்துகொண்டிருந்தது. "வேலையா இருக்கேம்மா, அப்புறம் பேசறேன்" என்றார். எரிச்சலை வரவழைக்க வேண்டிய அவசியமே இருக்கவில்லை. இப்போதெல்லாம் அது தானாக வந்தது. அன்றைக்கு லிஃப்டுக்குள் நின்று அவர் அழுதார். அழுகைக்கு மார்க் கிடையாது என்பதால் யாரும் அதைக் குறித்துக்கொள்ளவில்லை.

பதினேழாம் தேதி நிதி தருகிறவர்கள் பார்வையிட வந்தார்கள். அதற்குள் மார்க் போடும் முறையை மாற்றியிருந்தார்கள். சும்மா உட்கார்ந்திருந்தால் பயனில்லை, காத்திருக்கும் ஆளுக்கு நிமிடத்துக்கு ஒரு மார்க் கழிவு என்று வைத்தார்கள். காத்திருப்பது என்றால் லிஃப்டுக்கு வெளியே நிற்பது, அல்லது நிற்கிற லிஃப்டுக்குள் இருப்பது. நிரல் இரண்டே நாளில் இதைப் பிடித்துக்கொண்டது. மெக்கானிக் உள்ளே வந்ததும் கதவைச் சாத்தியது. தரைத்தளத்திலிருந்து முதல் மாடி, முதல் மாடியிலிருந்து தரைத்தளம் என்று ஓடத் தொடங்கியது. கதவை மட்டும் திறக்கவில்லை. திறந்தால் அவர் இறங்கிவிடுவார், இறங்கினால் காத்திருப்பார்.

நாலரை மணி நேரம் அவர் ஏறி இறங்கிக்கொண்டிருந்தார். பைக்குள் கதவைத் திறக்கும் சாவி இருந்தது. எடுத்தால் எல்லாம் முதலிலிருந்து. முதல் நாற்பது நிமிடம் நின்றார், பிறகு பையைப் போட்டு அதன்மேல் உட்கார்ந்தார். லிஃப்டின் ஒலிபெருக்கியில் மேலே நடக்கிற கூட்டம் கேட்டது.

"நண்பர்களே, இந்தக் கட்டடத்துல இப்ப காத்திருக்கிறவங்க எத்தனை பேர் தெரியுமா? பூஜ்ஜியம்" என்று இயக்குநரின் குரல் முழங்கியது. கைதட்டல் ஓய்ந்ததும் தொடர்ந்தார். "பயணி எங்கே போகணும்னு கேக்கறது பழைய காலம். அவர் போயிட்டே இருக்காரா, அதுதான் கேள்வி. எங்க பயணி காலையிலேர்ந்து போயிட்டே இருக்கார். ஒரு புகார் கிடையாது."

புகார்ப் பெட்டி நாலாவது மாடியில் இருந்தது.

அன்றைக்கு வீட்டுக்குப் போய் அவர் சாப்பிடாமல் படுத்துக்கொண்டார். அந்தச் சீட்டைக் கிழித்துப் போட்டுவிட்டு மகளைப் பார்க்கப் பஸ் ஏறுங்களேன் என்று மனைவி சொன்னாள். இன்னும் எட்டு நாள் இருக்கிறதே, ஒருவேளை நாளைக்கே கற்றுக்கொண்டுவிட்டால் என்று இவர் சொன்னார். பதினேழு நாளை விட்டுவிட மனம் வரவில்லை. பதினெட்டு நாள் ஆனதும் பதினெட்டை விட மனம் வரவில்லை.

இருபத்தைந்தாம் தேதி வந்தது. முந்தின நாள் இரவே அவர் முடிவு செய்திருந்தார், இன்றைக்கு யார் தடுத்தாலும் பேசிவிடுவது என்று. தாடியை வழக்கம்போல மூன்று நாள் அளவுக்குக் கத்தரித்தார். நீலச் சட்டையைப் போட்டார். நாலாவது ஓட்டில் நின்றார். காவலாளி ஷூவில் தண்ணீர் ஊற்றி, கொட்டாவி விட்டார். போன் அடித்தது.

"அப்பா, ஒரு விஷயம் கேக்கணும். ரெண்டு நிமிஷம் பேசலாமா?"

"சொல்லும்மா" என்றார் அவர். "எவ்வளவு நேரம் வேணும்னாலும் பேசு. நான் கேக்கறேன்."

சிவப்பு விளக்கு வேகமாகக் கண் சிமிட்டியது.

"இல்லப்பா" என்றாள் மகள். "போகட்டுமான்னு கேக்கத்தான் இருந்தேன். நேத்தே கையெழுத்துப் போட்டுட்டேன். நாளைக்கு விடியக்காலைல எல்லாரையும் கூட்டிட்டுப் போறாங்க. போனைக்கூட இப்பவே வாங்கி வெச்சுக்கறாங்க."

"உனக்குப் போக இஷ்டமாம்மா? அதை மட்டும் சொல்லு."

"கொஞ்சம் வேலையா இருக்கேம்பா" என்றாள் அவள். "அப்புறம் பேசறேன்."

வைத்துவிட்டாள். குரலில் லேசான எரிச்சல் இருந்தது. ஆசையா பயமா என்று அவரால் சொல்ல முடியவில்லை. இருபத்திரண்டு வருடத்தில் முதல்முறையாக அந்தக் குரலில் அவருக்கு ஒன்றும் தெரியவில்லை.

ஆராய்ச்சியாளர் போன் பேச்சைக் கேட்கக் காதில் மாட்டியிருந்த இயர்ஃபோனோடு மாடிப்படியில் ஓடிவந்தார். பதினேழாவது குறிப்பு மீறப்பட்டது பற்றிக் கேட்கத்தான் வந்தார். ஆனால் அவருடைய முகத்தில் கோபத்தைவிட ஆச்சரியம்தான் அதிகமாக இருந்தது.

"உங்க பொண்ணுக்கு யாராவது மார்க் போட்டாங்களா, சார்?"

"இல்ல."

"இருபத்துநாலே தடவைல அப்படியே கத்துக்கிட்டாங்களே. எங்களுக்கு நாப்பதாயிரம் பத்தல" என்றார். நிஜமான மரியாதையோடுதான் சொன்னார்.

மெக்கானிக் பையை எடுத்துக்கொண்டு படியேறி மூன்றாவது மாடிக்குப் போனார். சாவியால் கதவைத் திறந்து, தகட்டை விரலால் நிமிர்த்தி, திருகை இறுக்கினார். பத்து நிமிடம்கூட ஆகவில்லை, ஆறு நிமிடம். பிறகு கீழே வந்து லிஃப்டில் ஏறினார். சமர்த்துப் பிள்ளைபோல அது அவரை நாலாவது மாடிக்குக் கொண்டுபோய் இறக்கிவிட்டது.

நிறுவனமே கூடிவிட்டது. கற்றுக்கொண்டுவிட்டது என்று ஒருவரையொருவர் கட்டிக்கொண்டார்கள். அந்த ஆறு நிமிடம் அவர் எங்கே போயிருந்தார் என்று யாரும் கேட்கவில்லை. அதற்குத் தாளில் குறிப்பு இல்லை; பதினேழாவது குறிப்பு மீறப்பட்டதும் அந்த ஆரவாரத்தில் யாருக்கும் நினைவில்லை. இந்த வெற்றி யாரால் வந்தது என்று சரியாகப் பங்குபிரிப்பதுதான் எங்கள் துறையிலேயே கடினமான கேள்வி என்று இயக்குநர் தழுதழுத்த குரலில் பேசினார். பேசி முடித்து, அதில் அறுபது சதவீதத்தைத் தனக்கும் மீதியைக் குழுவுக்கும் பிரித்துக்கொடுத்தார். நிர்வாக அதிகாரி லிஃப்டில் ஒருமுறை மேலே போய்வந்து, சீட்டில் 'வேலை முடிந்தது' என்று கையெழுத்துப் போட்டார்.

மறுநாள் மெக்கானிக்குக்கு வேலை இல்லை. வீட்டில் போனை எதிரே வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். பத்து பத்து ஆனது. பத்து இருபது ஆனது. இன்னும் போய்ச் சேர்ந்திருக்க மாட்டாள் என்றாள் மனைவி. அதற்கு அடுத்த நாளும் அடிக்கவில்லை. அங்கே போனதும் புது நம்பர் வாங்க வேண்டாமா என்றாள். மூன்றாம் நாளும் அடிக்காதபோது அவள் எழுந்துபோய் அழுக்குத் துணிகளை அலசத் தொடங்கினாள்.

நாலாம் நாள் காலையில் அவர் கண்ணாடி முன்னால் நின்று தாடியை அளவாகக் கத்தரித்தார். கொடியிலிருந்த நீலச் சட்டையை எடுத்துப் போட்டுக்கொண்டார். எங்கே கிளம்பிவிட்டீர்கள் என்று மனைவி கேட்டதற்கு, இதோ வந்துவிடுகிறேன் என்றார்.

பத்து மணி எட்டு நிமிடத்துக்கு நிறுவனத்தின் வாசல் குழாயில் ஷூவை நனைத்துக்கொண்டார். பையை இடது தோளுக்கு மாற்றிக்கொண்டு நாலாவது ஓட்டில் போய் நின்றார். கையில் போன் இருந்தது. காவலாளி அவரை மேலும் கீழும் பார்த்தார்.

"என்ன சார், உங்க வேலைதான் முடிஞ்சு போச்சே. யாரு வரச் சொன்னது?"

மெக்கானிக் சுவர்க்கடிகாரத்தைப் பார்த்தார். பிறகு போனைப் பார்த்தார். மணி பத்து பத்து ஆக இன்னும் சில விநாடிகள் இருந்தன.

"இங்க லிஃப்ட் ரிப்பேர்னு சொன்னாங்களே?" என்றார்.